நகைச்சுவையும் நாவடக்கமும்

சென்ற கோடை விடுமுறையில், வந்தவாசிக்கு அருகிலுள்ள நம் சிற்றூர் ஒன்றின் ஜினாலய மண்டபத்தில், சிறுவர் சிறுமியர்க்கு அறநெறி வகுப்பு நடத்தும் வாய்ப்பு நமக்குக் கிட்டியது. பத்து நாள் வகுப்பு. நான்காம் நாள் கஷாயங்களைப் பற்றிய பாடம். கோபம், மானம், மாயை, லோபம் ஆகிய நான்கையும் கரும்பலகையில் எழுதி விளக்கிய பின், நோகஷாயங்கள் ஒன்பதையும் எழுதத் தொடங்கினோம். முதலாவதாக ஹாஸ்யம் என்று எழுதி, "அதாவது நகை, சிரிப்பு" என்றோம். எழுதிய கை கீழிறங்குவதற்குள் ஏழாம் வகுப்பு படிக்கும் சிறுவன் ஒருவன் எழுந்தான்.

"பாட்டி, அப்போ சிரிக்கிறதே பாவமா? வடிவேலு காமெடி பார்க்கக் கூடாதா?"

வகுப்பு முழுவதும் சிரித்தது. நாமும் சிரித்துவிட்டோம். சிரிப்பு வினையைக் கொணரும் என்று எழுதிய ஆசிரியை, அவ்வெழுத்து உலர்வதற்குள் தானே சிரித்து நின்றது அச்சிறுவனுக்குப் பெரிய வெற்றியாக இருந்திருக்க வேண்டும். ஆயினும் கேள்வி விளையாட்டுக் கேள்வியன்று. நாற்பது ஆண்டுகள் பள்ளியிலும் ஆசிரியப் பயிற்சி நிறுவனத்திலும் பணியாற்றிய நமக்கு, அதற்குரிய விடையை அன்றே முழுமையாகச் சொல்ல இயலவில்லை. வகுப்பில் சொன்னதையும், வீடு திரும்பிய பின் நூல்களைப் புரட்டி எண்ணியதையும், நம் இல்லங்களில் பெற்றோரும் பிள்ளைகளும் சேர்ந்து படிக்கும் பாடமாக இங்கே எழுதுகிறோம்.

முதலில் நம் ஆகமங்கள் கூறுவதைப் பார்ப்போம். நோகஷாயம் என்பதற்குக் கஷாயமே அன்று என்பது பொருளில்லை; சிறு கஷாயம் என்பதே பொருள். ஹாஸ்யம், ரதி, அரதி, சோகம், பயம், ஜுகுப்ஸை, மூவகை வேதங்கள் என ஒன்பதும் பெருங்கஷாயங்களைப் போல் தனித்து நின்று ஆட்டுவன அல்ல. அவற்றோடு சேர்ந்து ஆட்டுவன. நகையின் உதயம் எட்டாம் குணஸ்தானத்தில் நிற்கும் முனிவர் வரையிலும் உண்டு என்று கன்மநூல்கள் கூறும். அங்ஙனமாயின், இல்லறத்தில் அணுவிரதத்தோடு வாழும் நம்மைப் பார்த்து இன்றே சிரிப்பை விட்டொழியுங்கள் என்று எவரும் கூறமாட்டார். எந்தச் சிரிப்பு வினையைக் கனக்கச் செய்கிறது என்பதே நாம் கேட்க வேண்டிய கேள்வி.

இதற்குத் தத்வார்த்த சூத்திரம் மூன்று இடங்களில் விடை தருகிறது. வாய்மை விரதத்தை நிலைநிறுத்தும் பாவனைகள் ஐந்தினைக் கூறுமிடத்தில், கோபம், லோபம், அச்சம் ஆகியவற்றை விடுதலோடு நகையை விடுதலையும் உமாஸ்வாமி ஆசாரியர் சேர்க்கிறார். கோபத்தில் பொய் வரும், ஆசையில் பொய் வரும், அச்சத்தில் பொய் வரும். இவை எளிதில் விளங்கும். நகையில் எவ்வாறு பொய் வரும்? பந்தியில் அமர்ந்து ஒருவர் கதை சொல்வதைக் கவனித்துப் பாருங்கள். "எங்கள் சித்தப்பா இரண்டு இட்டிலி கூடக் கேட்டார்" என்பது நடந்த செய்தி. எதிரில் இருப்பவர் சிரிக்கவில்லை. உடனே இரண்டு ஐந்தாகும், ஐந்து பத்தாகும், சித்தப்பா இலையையே மடித்து விழுங்கப் பார்த்தார் என்று முடியும். கேட்டவர் வயிறு குலுங்கச் சிரிப்பார். சித்தப்பா மட்டும் அன்றிலிருந்து ஊரில் பெருந்தீனிக்காரர். சிரிப்பைக் கூட்டும் பொருட்டு நாம் சேர்க்கும் பொய்யெல்லாம் பெரும்பாலும் இன்னொருவர் தலையில்தான் ஏறுகிறது.

இரண்டாம் இடம், பயனற்ற செயல்களை விலக்கும் அனர்த்ததண்ட விரதத்தின் அதிசாரங்களைச் சொல்லுமிடம். அங்கே முதலில் நிற்பது கந்தர்ப்பம். சிரிப்போடு கலந்து பேசும் கொச்சைப் பேச்சு அது. அடுத்து நிற்பது கௌத்குச்சியம். அதே பேச்சை உடல் சேட்டையோடு, முகத்தையும் கைகால்களையும் கோணலாக்கிச் செய்து காட்டுவது. மூன்றாவது மௌகரியம், ஓயாத வாய். இன்று கைப்பேசியில் ஓடும் குறும்படங்களில் பாதியை இம்மூன்று சொற்களுக்குள் அடக்கிவிடலாம் என்று நமக்குத் தோன்றுகிறது. இது வயதானவர்களின் வழக்கமான புலம்பல் என்று இளையோர் கருதினால் மறுக்கமாட்டோம்.

ஹாஸ்யமாகிய கன்மம் எவற்றால் வந்து கட்டுகிறது என்பதைப் பூஜ்யபாதர் தம் ஸர்வார்த்தஸித்தி உரையில் விரிக்கிறார். நல்லறத்தை எள்ளி நகைத்தல், எளியோரையும் துன்புற்றோரையும் கண்டு சிரித்தல், கொச்சையான கேலி, மிகையான பிதற்றல், எப்போதும் ஏளனம் செய்யும் இயல்பு என்பன அங்கு வரும். இப்பட்டியலில் புன்முறுவல் இல்லை. குழந்தையின் மழலையைக் கேட்டு மகிழ்தல் இல்லை. நண்பர் இருவர் தம் சிறுபிள்ளைக் குறும்புகளை நினைந்து சிரித்தலும் இல்லை. எளியோர் என்ற சொல்லை மாத்திரம் வாசகர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டுகிறோம். பின்னர் அதனிடம் திரும்பி வருவோம்.

மூன்றாம் இடத்தை இப்போதைக்கு நிறுத்திவைத்து, நம் தமிழ் நூல்களுக்கு வருவோம்.

பொன்னூர் மலையில் நாம் திருவடி வணங்கும் ஏலாசாரியரே திருக்குறளை அருளினார் என்பது நம் மரபு. அந்நூலில் பண்புடைமை என்னும் நூறாவது அதிகாரத்தில், 995-ஆம் குறள் விளையாட்டாகச் செய்யினும் இகழ்ச்சி துன்பந் தருவதே என்கிறது. அதே அதிகாரத்தில் நான்கு குறள் கடந்து, 999-ஆம் குறள், பிறரோடு கலந்து மகிழ்ந்து சிரிக்கத் தெரியாதவர்க்கு இவ்வுலகம் பட்டப்பகலிலும் இருண்டு கிடக்கும் என்கிறது. ஆசிரியப் பயிற்சி மாணவியர்க்கு இவ்விரண்டு குறள்களையும் நாம் எப்போதும் இணைத்தே கற்பித்து வந்தோம். முன்னதை மட்டும் பிடித்துக்கொண்டால் வகுப்பறை மயானமாகும்; பின்னதை மட்டும் பிடித்துக்கொண்டால் சந்தையாகும். ஒரே அதிகாரத்துள் இரண்டையும் வைத்தவர் ஒன்றுக்கொன்று முரண் என்று கருதியிருக்க மாட்டார். இரண்டும் கைவரப் பெற்றவனையே பண்புடையான் என்றார்.

தொல்காப்பியர் இன்னும் நுட்பமாக வழி காட்டுகிறார். மெய்ப்பாட்டியலில் அவர் எண்ணும் எட்டு மெய்ப்பாடுகளுள் முதலில் நிற்பது நகையே. அது எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்னும் நான்கு நிலைக்களங்களிலிருந்து பிறக்கும் என்கிறார். எள்ளல் இகழ்ச்சி, இளமை குழந்தைத்தன்மை, பேதைமை அறியாமை, மடன் கேட்டதை ஆராயாது அப்படியே கொள்ளும் வெள்ளை உள்ளம். சிரிப்பு என்றாலே யாரையாவது மட்டந்தட்டுவது என்று எண்ணும் பிள்ளைகளுக்கு இந்நான்கையும் சொல்லிக்கொடுக்க வேண்டும். நான்கில் ஒன்றுதான் எள்ளல். எஞ்சிய மூன்று ஊற்றுகள் வற்றாமல் இருக்கின்றன.

1989-இல் வெளிவந்த கரகாட்டக்காரன் திரைப்படத்தின் வாழைப்பழ நகைச்சுவையை அறியாத தமிழர் குறைவு. ஒரு ரூபாய்க்கு இரண்டு பழம் வாங்கிவரப் போனவர் ஒன்றைத் தின்றுவிட்டு, மற்றொன்றைக் காட்டி அளிக்கும் விடை பேதைமையா தந்திரமா என்று பிரித்தறிய முடியாது. கேட்பவர் தலையைப் பிய்த்துக்கொள்வார், நாம் சிரிப்போம். அதே கவுண்டமணி, செந்தில் இணையர் நடித்த பிற காட்சிகளில் ஒருவர் தலையையும் உருவத்தையும் பழிக்கும் வசைகள் உண்டு. அவை வகுப்பறைக்குள் புகுந்து பிள்ளைகளின் பட்டப்பெயர்களாகிப் படுத்திய பாட்டை அக்காலத்து ஆசிரியர்கள் அறிவார்கள். ஆனால் முப்பத்தைந்து ஆண்டுகள் கழிந்தும் தாத்தாவும் பேரனும் சேர்ந்து நடித்துக் காட்டிச் சிரிப்பது வாழைப்பழத்தையே. அதில் யாருடைய நிறமும் உடலும் குலமும் இல்லை. இரண்டு பழங்கள் மட்டுமே இருக்கின்றன.

1925-இல் வந்த 'தி கோல்ட் ரஷ்' என்னும் பேசாப் படத்தில், பனியில் சிக்கிய சார்லி சாப்ளின் பசி பொறுக்காமல் தம் செருப்பை வேகவைத்து, அதன் கயிற்றை இடியாப்பம்போல் சுற்றி உண்பார். அதுவும் இவ்வகையே. தம் வறுமையையே விருந்தாகப் பரிமாறுகிறார். (அச்செருப்பு தோலன்று, அதிமதுர மிட்டாயால் செய்தது என்று பின்னர் அறிந்து நாம் ஆறுதல் கொண்டோம்.) நம் கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன் 1949-இல் வெளிவந்த நல்லதம்பியில் நிகழ்த்திய கிந்தனார் கதாகாலட்சேபத்தில், தாழ்த்தப்பட்ட குலத்துச் சிறுவன் படித்து முன்னேறும் கதையைச் சிரிக்கச் சிரிக்கச் சொன்னார். சிரிப்பு அச்சிறுவனைப் பார்த்து எழவில்லை; அவனைப் படிக்கவிடாது தடுத்த வழக்கத்தைப் பார்த்து எழுந்தது. பூஜ்யபாதர் சொன்ன எளியோர் என்ற சொல்லை இங்கே பொருத்திப் பாருங்கள்.

இவ்வளவும் நூலறிவு. இனி நம் வாழ்விலிருந்து ஒன்றைச் சொல்லியாக வேண்டும். சொல்லாமல் பாடம் நடத்துவது கபடமாகும்.

நாம் அந்நாளைய வடார்க்காடு மாவட்டத்துச் சிற்றூர்ப் பெண். ஆசிரியப் பயிற்சிக்குச் சென்றபோது, உடன் தங்கியிருந்த தென்மாவட்டத்துத் தோழியர் நம் பேச்சைக் கேட்டுச் சிரிப்பார்கள். "வந்துகினு, போய்கினு" என்று நாம் சொல்வதை ஒருத்தி தலையை ஆட்டிச் சொல்லிக்காட்டுவாள். நாமும் உடன் சிரிப்போம். இரவில் போர்வைக்குள் "கொண்டு, கொண்டு" என்று சொல்லிப் பழகுவோம். ஆறு மாதத்தில் நம் நா திருந்திவிட்டது. ஊருக்கு வந்தால் அம்மாவுக்கு நம் பேச்சு அந்நியமாக இருந்தது.

1971-ஆம் ஆண்டு முதன்முதலாக வேலையில் அமர்ந்தோம். ஏழாம் வகுப்புத் தமிழ்ப் பாடம். பழமொழிகளைப் பற்றிய உரைநடைப் பகுதியை ஒவ்வொருவராக எழுந்து வாசிக்கவேண்டும். மூன்றாம் பெஞ்சில் இருந்த ஒரு சிறுவன் எழுந்து, கணீரென்ற குரலில், "பயமொயி" என்று தொடங்கினான். நம் பகுதியில் ழகரம் யகரமாவது புதிதன்று. மழை மயையாகும், பழம் பயமாகும். அன்று நம் நாவில் என்ன குடியேறியதோ, "என்ன பயம்? எந்த மொயி? மொயிப் பணம் எவ்வளவு வந்தது?" என்று அவன் குரலிலேயே கேட்டோம். வகுப்பு இடிந்து விழுந்தது போல் சிரித்தது. இளம் ஆசிரியைக்கு அச்சிரிப்பு எத்தகைய போதை என்பதை அப்பணியில் இருந்தவர்கள் அறிவார்கள். அதுவரை நம்மைக் கண்டு அஞ்சியும் அஞ்சாமலும் இருந்த நாற்பது பிள்ளைகளும் அந்த ஒரு நொடியில் நம் பக்கம் வந்துவிட்டதாகத் தோன்றியது. முப்பத்தொன்பது என்று எழுதியிருக்க வேண்டும்.

அவனும் சிரித்தான். அதனால் நாம் ஒன்றும் அறியவில்லை. மறுவாரம் அவன் முறை வந்தபோது தொண்டை கட்டியிருப்பதாகச் சொன்னான். அதற்கடுத்த வாரம் புத்தகம் கொண்டுவரவில்லை. அரையாண்டுத் தேர்வுக்கு முன் ஒருநாள், விளையாட்டு மைதானத்தில் பிள்ளைகள் "டேய் பயமொயி, பந்தை எடு" என்று கூவியது காதில் விழுந்தது. அப்போதுதான் நமக்கு உறைத்தது. நாம் ஒருமுறை சொன்னதை அவர்கள் நாள்தோறும் சொல்லியிருக்கிறார்கள். அவனைத் தனியே அழைத்து, "அன்று நான் சொன்னதில் உனக்கு வருத்தமா?" என்று கேட்டோம். பன்னிரண்டு வயதுப் பிள்ளை தரையைப் பார்த்துக்கொண்டு, "இல்லீங்க டீச்சர். வெளையாட்டுக்குத்தானே சொன்னீங்க" என்றான்.

நாம் சொல்ல வேண்டிய சமாதானத்தை அவனே நமக்காகச் சொல்லிவிட்டான். நாமும் அதைப் பெற்றுக்கொண்டு, "ஆமாம், விளையாட்டுக்குத்தான். நீ நன்றாக வாசிக்கிறாய்" என்று சொல்லி அனுப்பிவிட்டோம். மன்னிப்புக் கேட்கவில்லை. நாள்தோறும் பிரதிக்கிரமணத்தில் ஓரறிவுயிர் முதல் ஐயறிவுயிர் ஈறாக எல்லா உயிர்களிடமும் பொறுத்தருள வேண்டுகிறவர்கள் நாம். எல்லா உயிர்களிடமும் கேட்பது எளிதாக இருக்கிறது. மூன்றாம் பெஞ்சில் இருக்கும் ஓர் உயிரிடம் கேட்பது எளிதாக இல்லை. அவ்வாண்டு இறுதியில் அவன் குடும்பம் பிழைப்புக்காகப் பெங்களூர் சென்றுவிட்டது. கடைசிவரை அவன் உரக்க வாசிக்கவில்லை.

இப்போது, நிறுத்திவைத்த மூன்றாம் இடத்திற்கு வருவோம். இம்சைக்கு உமாஸ்வாமி ஆசாரியர் கூறும் இலக்கணம் பிரமத்த யோகத்தால் உயிர்க்கு ஊறு செய்தல் என்பது. பிரமாதம் என்பது கவனமின்மை, மனம் விழித்திராமை. கொல்லும் எண்ணம் இருந்ததா என்று மட்டும் அவர் கேட்கவில்லை. விழித்திருந்தாயா என்று கேட்கிறார். நடக்கையில் தரையைப் பார்த்து நடப்பது எதற்காகவோ, பேசுகையில் எதிரிலிருப்பவர் முகத்தைப் பார்த்துப் பேசுவதும் அதற்காகவே. "சும்மா விளையாட்டுக்குச் சொன்னேன்" என்பது கோபம் இல்லை என்பதற்குச் சான்றாகலாம். கவனம் இருந்தது என்பதற்குச் சான்றாகாது. மேலும் அச்சொல் பலவேளைகளில் இரண்டாம் அடியாக விழுகிறது. "விளையாட்டுக்குச் சொன்னதற்குப் போய்க் கோபமா? உனக்கு நகைச்சுவை உணர்வே கிடையாதா?" என்று கேட்கும்போது, புண்பட்டவரையே குற்றவாளியாக்கிவிடுகிறோம். அவர் முதற் சொல்லுக்கு ஒருமுறை நோகிறார். நொந்ததற்காக மறுமுறை வெட்குகிறார்.

நம் குடும்பங்களில் இது எங்கெல்லாம் நிகழ்கிறது என்று சற்றே எண்ணிப் பார்ப்போம். கேலிமுறை என்று நம் சமுதாயம் சிலரை வகுத்து வைத்திருக்கிறது. மாமன் மகன், அத்தை மகள், மச்சான், கொழுந்தன், அண்ணி ஆகியோர் ஒருவரை ஒருவர் சீண்டலாம். திருமணத்தில் நலங்கின்போது பெண் வீட்டாரும் பிள்ளை வீட்டாரும் ஏசல் பாடுவதும் இவ்வகையே. இது நல்ல ஏற்பாடு. புதிதாக வந்த உறவின் இறுக்கத்தைத் தளர்த்துவது. ஆனால் அதில் ஓர் ஒப்பந்தம் உண்டு. நான் உன்னைச் சீண்டினால் நீ என்னைச் சீண்டலாம். இருவரும் ஒரே திண்ணையில் அமர்ந்திருக்க வேண்டும். புதிதாகப் புகுந்த மருமகள் நாத்தனாரின் கேலிக்குப் பதில் சொல்ல இயலுமா? பெண்ணின் நிறத்தையோ, அவள் கொண்டுவந்த பாத்திரத்தையோ, மூன்றாண்டாகியும் மடி நிறையாததையோ நலங்குப் பாட்டில் சேர்த்தால், அது கேலிமுறையன்று. பாட்டின் மறைவில் எறியும் கல்.

நேமிநாத சுவாமியின் சரிதத்திலேயே இதற்குச் சான்றுண்டு. திருமலையில் பதினாறடி உயரத் திருமேனியாக நாம் தரிசிக்கும் அப்பெருமான் குமாரராக இருந்தபோது, நீர் விளையாட்டு முடிந்து, நனைந்த ஆடையைப் பிழிந்து தருமாறு கண்ணனின் தேவியருள் ஒருத்தியிடம் கூறினார். முறைக்கு அண்ணி. அவள், நாகப் படுக்கையில் கிடந்து, வில்லை நாணேற்றி, சங்கை முழக்கியவர் என் கணவர்; அவரைப்போல் ஆற்றலுண்டோ உமக்கு, என்னை ஏவுதற்கு என்று நகைத்தாள். குமாரர் ஒன்றும் பேசாது ஆயுதசாலைக்குச் சென்று மூன்றையும் செய்தார். சங்கொலியில் துவாரகை நடுங்கியது. அதன்பின் கண்ணனுக்கு எழுந்த ஐயமும், குமாரர்க்குப் பேசிய திருமணமும், விருந்துக்காக அடைக்கப்பட்ட விலங்குகளின் ஓலமும், துறவும் நாம் அறிந்தவை. அத்தேவி தீயவள் அல்லள், கேலிமுறையில்தான் பேசினாள். ஒப்பிட்டுப் பேசியதே அதன் முள். "உன் அண்ணன் எப்படிப் படித்தான், நீ ஏன் இப்படி?" என்று சிரித்துக்கொண்டே கேட்கும் ஆசிரியர்களும் மாமன்மார்களும் இதை நினைவிற் கொள்ளலாம்.

சிறு குழந்தைகளிடம் மற்றோர் எச்சரிக்கை தேவை. வஞ்சப்புகழ்ச்சியைப் புரிந்துகொள்ளும் திறன் குழந்தைக்கு ஏறத்தாழ ஆறேழு வயதில்தான் மெல்ல வரத் தொடங்கும். நான்கு வயதுப் பிள்ளை பாலைக் கொட்டிவிட்டால், "ஆகா, என்ன அழகான வேலை செய்தாய்!" என்கிறோம். பிள்ளை மகிழ்ந்து சிரிக்கிறது. பெரியவர்கள் அதைக் கண்டு மேலும் சிரிக்கிறார்கள். பிறகு யாரோ அதட்டுகிறார்கள். புகழ்ந்த வாயே ஏன் அதட்டுகிறது என்று அக்குழந்தைக்கு விளங்குவதில்லை. "பால் கொட்டிவிட்டது, துணி எடுத்துவா" என்பது போதும்.

கேலிக்கு ஆளாகும்போது என்ன செய்வது என்பதும் பாடத்தில் அடங்கும். நம் பிள்ளைகள் இரவுணவு உண்ணாமையால் வெளியிடங்களில் கேலிக்கு ஆளாவது புதிதன்று. உறவினர் வீட்டுப் பெண் ஒருத்தி கல்லூரி விடுதியில் சேர்ந்தாள். மாலை ஐந்தரைக்கே தட்டை எடுத்துக்கொண்டு போவதைக் கண்டு தோழியர், "கோழி அடையற நேரத்துக்குச் சாப்பிடறியே, நீயும் கோழியோட அடையப் போறியா?" என்றார்களாம். அவள், "ஆமாம்டி, பரீட்சைக்குக் காலையில உங்களை எழுப்ப ஒரு கோழி வேணுமில்ல!" என்றாளாம். அன்றிலிருந்து தேர்வு நாட்களில் விடியலில் எழுப்பும் பொறுப்பு அவளுடையதாயிற்று. விரதமும் குலையவில்லை, எவர் மனமும் நோகவில்லை. எள்ளல் என்பதற்குப் பேராசிரியர் உரை வகுக்குமிடத்தில், தான் பிறரை எள்ளி நகுவது மட்டுமன்றிப் பிறர் தன்னை எள்ளியவிடத்துத் தான் நகுவதும் உண்டு என்று கூறுவதை இப்பெண் படித்திருக்கமாட்டாள். ஆனால் செய்து காட்டினாள்.

இக்கதையை நாம் எங்கு சொன்னாலும் கைதட்டுகிறார்கள். ஆயினும் அவள் தாய் நம்மிடம் தனியே ஒன்று சொன்னாள். முதல் மாதம் முழுவதும் அப்பெண் இரவுதோறும் தொலைபேசியில் அழுதாளாம். அந்த விடை அழுகைக்குப் பின் வந்த விடை. எல்லாக் குழந்தைகளுக்கும் அது வாய்ப்பதில்லை. சிரித்து ஏற்றுக்கொள்ளும் ஆற்றலைப் பிள்ளைகளுக்குப் பழக்குவோம். ஆனால் அவ்வாற்றல் அவர்களிடம் இருக்கும் என்று நம்பி நாம் சீண்டலாகாது.

வீட்டில் செய்யத்தக்க பயிற்சி ஒன்று சொல்கிறோம். பயிற்சி மாணவியரிடத்தில் பல ஆண்டுகள் செய்து பயன் கண்டது. வாரம் ஒருநாள், மாலையுணவு முடிந்து விளக்கேற்றியபின், குடும்பத்தார் ஒவ்வொருவரும் அவ்வாரம் தாம் செய்த அசட்டுத்தனம் ஒன்றைச் சொல்லவேண்டும். பிறர் செய்தது கூடாது. தந்தையே முதலில் தொடங்கவேண்டும், இது முக்கியம். மூக்குக்கண்ணாடியை நெற்றியில் வைத்துக்கொண்டு வீடெல்லாம் தேடியதை வீட்டுத்தலைவர் சொல்லி முடித்தால், கணக்கில் தவறு செய்ததைச் சொல்லப் பிள்ளைக்கு அச்சம் இராது. இரண்டு மூன்று வாரம் வெட்கமாக இருக்கும். பிறகு சொல்வதற்கு முந்திக்கொள்வார்கள். வேறொரு பயன், பிறரைப் பற்றிய கதை சொல்லும்போது, "இதை அவரே எதிரில் இருந்தால் சொல்வேனா?" என்று பிள்ளைகள் தாமாகவே கேட்டுக்கொள்ளத் தொடங்குவது. சொல்விளையாட்டு, விடுகதை, சிலேடை ஆகியவற்றையும் இடையிடையே சேர்க்கலாம். தமிழில் அவற்றுக்குப் பஞ்சமில்லை.

கோடை வகுப்பில் அச்சிறுவனின் கேள்விக்கு விடையாகப் பழமொழிக் கதையைத்தான் சொன்னோம். "பயமொயி" என்ற இடத்தில் பிள்ளைகள் சிரித்தார்கள்; சிரிக்க விட்டோம். பிறகு அவன் தரையைப் பார்த்துச் சொன்ன விடையைச் சொன்னபோது சிரிப்பு ஒவ்வொரு வரிசையாக அடங்கியது. வடிவேலுவைப் பற்றிக் கேட்ட சிறுவன் ஒன்றும் கேட்கவில்லை. முன் வரிசையில் இருந்த நான்காம் வகுப்புச் சிறுமி ஒருத்தி மட்டும் கையுயர்த்தினாள்.

"பாட்டி, அந்த அண்ணனோட நெஜப் பேரு என்ன?"

சொல்ல வாயெடுத்தோம், வரவில்லை. அவன் அமர்ந்த பெஞ்சு நினைவில் இருந்தது. அவன் சட்டையின் கிழிந்த பை நினைவில் இருந்தது. ஐம்பதாண்டுகளுக்கும் மேலாக நாம் மறவாமல் சுமந்து வந்தது நாமே சூட்டிய பட்டப்பெயர் ஒன்றைத்தான். "நாளைக்குச் சொல்கிறேன் கண்ணு" என்று சொல்லி வகுப்பை முடித்தோம். அன்றிரவு வெகுநேரம் விழித்திருந்தோம். விடியுமுன் பெயர் வந்தது. காலையில் ஜினாலயத்திற்குச் சென்றதும், மற்றப் பிள்ளைகள் வருவதற்கு முன், அச்சிறுமியை அழைத்து அதைச் சொன்னோம்.